வெப்ப இயக்கவியல் பாடநூலைத் தனியாகப் படித்து முடிக்க ஒரு வழிகாட்டி

வெப்ப இயக்கவியல் பாடநூல் ஒன்றைப் புரட்டினால் மிரட்டும் கணக்கு எதுவும் கண்ணில் படாது. வகுத்தல், பெருக்கல், கொஞ்சம் மடக்கை, சில எளிய தொகையீடுகள், பகுதி வகைக்கெழு, அவ்வளவுதான். இதை நம்பி வேகமாகப் படித்துக்கொண்டு போகிறவர்கள், வெப்பம் தானாக எந்தத் திசையில் போகும் என்று சொல்லும் இரண்டாம் விதியில் வந்து நிற்கிறார்கள். படிக்கும்போது எல்லாம் புரிந்த மாதிரி இருக்கிறது. அத்தியாயத்தின் கடைசியில் இருக்கும் கணக்கை எடுத்தால் கை ஓடுவதில்லை.

காரணம் ஒன்றுதான். இந்தத் துறையில் சமன்பாடு பாதி. அது எப்போது செல்லும் என்ற நிபந்தனை மீதிப் பாதி. ‘மீள் நிகழ்வாக (ஒவ்வொரு படியையும் பின்னோக்கித் திருப்பக்கூடியதாக) இருந்தால்’, ‘வெப்பநிலை மாறாதபோது’, ‘நல்லியல்பு வாயுவுக்கு மட்டும்’ என்று நூலாசிரியர் ஒரே ஒரு முறை, பத்தியின் நடுவில் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார். பத்துப் பக்கம் தாண்டி அதே சமன்பாடு திரும்ப வரும்போது அந்தச் சொற்கள் கூட வருவதில்லை. படிப்பவர் மனதில் சமன்பாடு தங்குகிறது, நிபந்தனை உதிர்ந்துவிடுகிறது. கீழே சொல்லும் படிகள் எல்லாம் இந்த ஒரு நோய்க்கான மருந்துதான்.

தொடங்குவதற்கு முன் ஒரு தடித்த நோட்டுப் புத்தகம் எடுங்கள். இடப் பக்கத்தில் சமன்பாடு, வலப் பக்கத்தில் அதன் நிபந்தனை. நூலில் புதிய சமன்பாடு வரும் ஒவ்வொரு முறையும் இரண்டு பக்கமும் நிரம்ப வேண்டும். வலப் பக்கம் காலியாக இருந்தால் அந்தச் சமன்பாட்டை இன்னும் படிக்கவில்லை என்று பொருள்; பின்னால் போய்த் தேடுங்கள். ‘நிபந்தனை எதுவும் இல்லை, எப்போதும் செல்லும்’ என்று எழுத நேர்வது மிகச் சில இடங்களில்தான். ஆற்றல் அழியாது என்னும் முதல் விதி அவற்றில் ஒன்று.

எந்த நூல்

நல்ல நூல்கள் பல இருக்கின்றன. ஆனால் அவை ஒரே வாசலிலிருந்து உள்ளே நுழைவதில்லை. இதைத் தெரிந்துகொள்ளாமல் இரண்டு நூல்களைக் கலந்து படித்தால் குழப்பமே மிஞ்சும்.

முதல் வகை, அனுபவ விதிகளிலிருந்து தொடங்குவது. வெப்பம் என்பது அடிப்படையில் என்ன, அணுக்கள் எப்படி அசைகின்றன என்ற கேள்விக்கே போகாமல், இரண்டு விதிகளை மட்டும் கையில் வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் வருவிக்கும் முறை இது. மாக்ஸ் பிளாங்க் 1897-இல் வெளியிட்ட விரிவுரை நூல் இந்த வழியைத் தெரிந்தே தேர்ந்தெடுத்தது. என்ரிக்கோ ஃபெர்மி 1936 கோடையில் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் நடத்திய வகுப்புகளிலிருந்து பிறந்த சிறு நூலும் இதே வகை. இருநூறு பக்கம்கூட இல்லை, ஆனால் ஒவ்வொரு வரியும் கனமானது. வெப்பநிலைமானியும் கலோரிமானியும் என்ன அளக்கின்றன என்று வாசகருக்குத் தெரியும் என்று எடுத்துக்கொண்டே ஃபெர்மி தொடங்குகிறார். அந்த அடிப்படை இல்லாதவர்கள் முதலில் கல்லூரி முதலாண்டு இயற்பியல் நூலில் வெப்பம் பற்றிய அத்தியாயத்தை முடித்துவிட்டு வர வேண்டும்.

இரண்டாம் வகை, அடிகோள்களிலிருந்து, அதாவது நிறுவாமலே எடுத்துக்கொள்ளும் தொடக்கக் கூற்றுகளிலிருந்து, தொடங்குவது. 1960-இல் முதலில் வந்து 1985-இல் விரிவாக்கப்பட்ட ஹெர்பர்ட் காலனின் நூல் இதற்கு எடுத்துக்காட்டு. என்ட்ரோபி என்று ஓர் அளவு உண்டு, தனிமைப்படுத்தப்பட்ட அமைப்பில் கட்டுப்பாடுகளைத் தளர்த்தினால் அது பெரும மதிப்பை நோக்கிப் போகும் என்று ஆரம்பத்திலேயே வைத்துவிட்டு, வெப்பநிலையையே அதிலிருந்து வருவிப்பார்கள். மிக அழகான கட்டுமானம். ஆனால் முதல் நூலாக இதை எடுத்தால் என்ட்ரோபி எங்கிருந்து முளைத்தது என்ற கேள்வி கடைசிவரை துரத்தும். இரண்டாம் முறை படிப்பவருக்கும், ஆராய்ச்சிக்குத் தேவைப்பட்டுத் திரும்பி வருபவருக்கும் இதுதான் சரியான நூல்.

மூன்றாம் வகை, அணுக்களை எண்ணுவதிலிருந்து தொடங்கி, புள்ளியியல் வழியாக வெப்ப இயக்கவியலுக்கு வருவது. என்ட்ரோபியின் பொருள் சீக்கிரம் விளங்கும். ஆனால் பிஸ்டன், நீராவி, குளிர்பதனப் பொறி என்று வரும் கணக்குகளில் பயிற்சி குறைவாகக் கிடைக்கும்.

புதியவருக்கு எங்கள் பரிந்துரை இது: முதல் வகையில் ஒரு நூலை முதன்மையாக வையுங்கள். கணக்குகளுக்கு மட்டும், விடைகள் கொடுத்திருக்கும் வேறொரு தடித்த நூல் பக்கத்தில் இருக்கட்டும். மூன்றாவது நூலைத் திறக்காதீர்கள். ஒரு பத்தி புரியவில்லை என்றவுடன் நூலை மாற்றுவதுதான் இந்தப் பாடத்தில் நேரத்தை அதிகம் தின்னும் பழக்கம்.

முதல் வாரம்: கணக்கை மட்டும் பழகுங்கள்

இயற்பியலைத் தொடுவதற்கு முன் ஒரு வாரம் பகுதி வகைக்கெழுவுக்கு ஒதுக்குங்கள். கணித வகுப்பில் கற்றது இங்கே போதாது. கணிதத்தில் எந்த மாறி நிலையாக இருக்கிறது என்பது எழுதாமலே தெரியும். இங்கே அப்படி இல்லை. ஒரு வாயுவின் அழுத்தம் பருமனோடு எப்படி மாறுகிறது என்று மட்டும் கேட்டால் அது அரைக் கேள்வி. வெப்பநிலையை நிலையாக வைத்தா, என்ட்ரோபியை நிலையாக வைத்தா என்பதைப் பொறுத்து விடை மாறும். அடைப்புக்குறிக்குக் கீழே வலப்புறம் சிறியதாக எழுதும் அந்த எழுத்தை ஒருபோதும் விடாதீர்கள்.

இரண்டு பயிற்சிகளைக் கையால் செய்து பாருங்கள்.

ஒன்று, சுழற்சி விதி. அழுத்தம், பருமன், வெப்பநிலை மூன்றும் ஒரு சமன்பாட்டால் கட்டப்பட்டவை. வெப்பநிலையை நிறுத்தி அழுத்தத்தைப் பருமனால் வகைப்படுத்துங்கள். அழுத்தத்தை நிறுத்திப் பருமனை வெப்பநிலையால் வகைப்படுத்துங்கள். பருமனை நிறுத்தி வெப்பநிலையை அழுத்தத்தால் வகைப்படுத்துங்கள். மூன்றையும் பெருக்கினால் என்ன வரும்? பின்னங்களை அடித்துவிட்டு ஒன்று என்று சொல்லத்தான் கை போகும். விடை எதிர்க்குறி ஒன்று. நல்லியல்பு வாயுவை வைத்து ஒரு முறை செய்து பார்த்தால், அந்த எதிர்க்குறி முதல் வகைக்கெழுவிலிருந்து வருவது தெரியும்: வெப்பநிலை மாறாதபோது பருமன் கூடினால் அழுத்தம் குறைகிறது. பகுதி வகைக்கெழு பின்னம் அல்ல என்பதை இதைவிடத் தெளிவாக எதுவும் காட்டாது.

இரண்டாவது பயிற்சி இன்னும் முக்கியம். ஒரு மோல் நல்லியல்பு வாயுவுக்கு மீள் நிகழ்வாகக் கொடுக்கும் மிகச் சிறிய வெப்பம் இரண்டு உறுப்புகளின் கூட்டல்: மாறாப் பருமன் மோலார் வெப்ப ஏற்புத்திறனை வெப்பநிலையின் சிறு மாற்றத்தால் பெருக்கியது ஒன்று, வாயு மாறிலியை வெப்பநிலையால் பெருக்கிப் பருமனால் வகுத்து, பருமனின் சிறு மாற்றத்தால் பெருக்கியது மற்றொன்று. இது ஏதாவது ஒரு சார்பின் முழு வகையீடா என்று சோதியுங்கள். முதல் கெழுவைப் பருமனால் வகைப்படுத்தினால் சுழி. இரண்டாவது கெழுவை வெப்பநிலையால் வகைப்படுத்தினால் வாயு மாறிலியைப் பருமனால் வகுத்தது. இரண்டும் சமமில்லை. ஆகவே ‘வாயுவிடம் உள்ள வெப்பம்’ என்று ஒரு சார்பே கிடையாது. வெப்பம் பாதையைப் பொறுத்தது. இப்போது முழு வரியையும் வெப்பநிலையால் வகுத்துவிட்டு மறுபடி சோதியுங்கள். முதல் கெழு வெப்பநிலையை மட்டும் சார்ந்தது, இரண்டாவது பருமனை மட்டும் சார்ந்தது. குறுக்காக வகைப்படுத்தினால் இரண்டும் சுழி, இரண்டும் சமம். வெப்பநிலையால் வகுத்ததும், பாதையைச் சார்ந்திருந்த ஒன்று நிலையை மட்டும் சார்ந்ததாக மாறிவிட்டது. 1865-இல் கிளாசியஸ் என்ட்ரோபி என்று பெயர் வைத்தது இதற்குத்தான். ஐந்து வரிக் கணக்கு. இதைச் செய்துவிட்டு நூலுக்குள் போகிறவருக்கு என்ட்ரோபி அத்தியாயம் பாதி முடிந்த மாதிரி.

அட்டையின் உட்பக்கத்தில் எழுத வேண்டியவை

ஒவ்வொரு நூலும் தனக்கென்று குறி மரபு வைத்திருக்கிறது. முதல் அத்தியாயத்தைப் படிக்கும் முன்பே இவற்றைத் தேடி ஒரு தாளில் எழுதி நூலின் அட்டைக்குள் ஒட்டுங்கள்.

வேலையின் குறி. பழைய இயற்பியல் நூல்களில் பெரும்பாலும் அமைப்பு செய்யும் வேலை நேர்க்குறி: அக ஆற்றல் மாற்றம் = வெப்பம் − வேலை. ஃபெர்மியும் இந்த வழிதான். இன்றைய வேதியியல் நூல்களில் அமைப்பின் மீது செய்யப்படும் வேலை நேர்க்குறி: அக ஆற்றல் மாற்றம் = வெப்பம் + வேலை. இரண்டும் சரியே. முதன்மை நூல் ஒரு மரபிலும் கணக்கு நூல் மறு மரபிலும் இருந்தால், விடையின் அளவு சரியாகவும் குறி தப்பாகவும் வந்துகொண்டே இருக்கும். எங்கே பிழை என்று மணிக்கணக்கில் தேட வேண்டிவரும்.

எழுத்துகள். ‘எஃப்’ என்ற எழுத்து பெரும்பாலான இயற்பியல் நூல்களில் ஹெல்ம்ஹோல்ட்ஸ் கட்டிலா ஆற்றலைக் குறிக்கும். வேதியியல் நூல்கள் அதற்கு ‘ஏ’ போடும். பழைய அமெரிக்க வேதியியல் நூல்கள் சிலவற்றில் ‘எஃப்’ என்றால் கிப்ஸ் கட்டிலா ஆற்றல். ஃபெர்மி கிப்ஸ் ஆற்றலுக்குக் கிரேக்க எழுத்து ‘ஃபை’ பயன்படுத்துகிறார். எழுத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள், வரையறையைப் பாருங்கள்.

அலகுகள். பழைய நூலில் கலோரி வரும்: வேதியியல் அட்டவணைகளில் 1 கலோரி 4.184 ஜூல். 1 வளிமண்டல அழுத்தம் 101325 பாஸ்கல், 1 பார் 100000 பாஸ்கல். வேதியியலின் திட்ட அழுத்தம் 1982-இல் வளிமண்டல அழுத்தத்திலிருந்து பாருக்கு மாற்றப்பட்டதால், பழைய அட்டவணைக்கும் புதிய அட்டவணைக்கும் இடையே வாயுக்களின் மோலார் என்ட்ரோபியில் 0.11 ஜூல்/கெல்வின் அளவு வேறுபாடு இருக்கும். உங்கள் கணக்கு தப்பு என்று நினைத்துவிட வேண்டாம்.

வெப்பநிலை. விகிதமோ மடக்கையோ வரும் இடத்தில் கெல்வின் மட்டுமே. 100 பாகை செல்சியஸ், 20 பாகை செல்சியஸ் என்ற இரு வெப்பத் தேக்கிகளுக்கு இடையே இயங்கும் கார்னோ பொறியின் (முழுவதும் மீள் நிகழ்வுகளால் இயங்கும் கற்பனைப் பொறி) பயனுறுதிறனைச் செல்சியசில் போட்டால் 80 விழுக்காடு வரும். சரியான விடை 21.4 விழுக்காடு. வேறுபாடுகளுக்கு மட்டும் கெல்வினும் செல்சியசும் ஒன்றுதான்.

தமிழ் நூல்களையும் சேர்த்துப் படிக்கிறவர்கள் இன்னொன்றும் எழுதிக்கொள்ள வேண்டும். என்ட்ரோபிக்குச் சிலர் சிதறம் என்பார்கள், பருமனுக்குச் சிலர் கனஅளவு என்பார்கள். பொருள் ஒன்றே.

ஒவ்வொரு கணக்குக்கும் முன் நான்கு கேள்விகள்

எண்களைத் தொடுவதற்கு முன் இவற்றுக்கு விடை எழுதுங்கள். மனதுக்குள் சொல்லிக்கொள்வது போதாது, தாளில் எழுத வேண்டும்.

1. அமைப்பு எது? எல்லைக்கோட்டைப் படமாகப் போடுங்கள். பிஸ்டன் உள்ளேயா வெளியேயா?
2. எல்லை எதைக் கடத்தும்? வெப்பம், வேலை, பொருள்: ஒவ்வொன்றுக்கும் ஆம் அல்லது இல்லை.
3. தொடக்க நிலை, இறுதி நிலை எவை? இரண்டும் சமநிலைகளா?
4. இடையில் நடந்தது மீள் நிகழ்வா, மீளா நிகழ்வா? எது மாறாமல் இருந்தது?

நான்காவதில்தான் அடி சறுக்கும். ஓர் எடுத்துக்காட்டைக் கிட்டத்தில் வைத்துப் பார்க்கலாம். 300 கெல்வினில் உள்ள ஓரணு நல்லியல்பு வாயு, வெப்பம் புகாத உருளைக்குள் இருக்கிறது. அதன் அழுத்தத்தை இரு மடங்காக்க வேண்டும். இறுதி வெப்பநிலை என்ன?

பிஸ்டன் மேல் மணலை ஒவ்வொரு பொடியாகப் போட்டு மெதுவாக அழுத்தினால் அது மீள் நிகழ்வு. அழுத்தத்தையும், பருமனின் 5/3 அடுக்கையும் பெருக்கினால் மாறாது என்ற வாய்பாடு செல்லும். வெப்பநிலை அழுத்த விகிதத்தின் 2/5 அடுக்கில் ஏறும்: 300 × 1.3195, அதாவது ஏறக்குறைய 396 கெல்வின்.

அதே எடையை ஒரேயடியாகப் பிஸ்டன் மேல் வைத்துவிட்டு, ஆட்டம் அடங்கும்வரை காத்திருந்தால்? அந்த வாய்பாடு செல்லாது, ஏனென்றால் இடையில் வாயுவுக்கு ஒரே அழுத்தம் என்று ஒன்று இல்லை. முதல் விதி மட்டும் எப்போதும் செல்லும். வெளி அழுத்தம் முழு நேரமும் இறுதி அழுத்தம்தான். ஆகவே வாயு பெற்ற வேலை அந்த அழுத்தத்தையும் பருமன் குறைவையும் பெருக்கியது. அதை அக ஆற்றல் ஏற்றத்தோடு சமப்படுத்தினால், இறுதி வெப்பநிலையின் 2.5 மடங்கு தொடக்க வெப்பநிலையின் 3.5 மடங்குக்குச் சமம் என்று வரும். விடை 420 கெல்வின்.

தொடக்கமும் ஒன்று, இறுதி அழுத்தமும் ஒன்று, இரண்டிலும் வெப்பம் புகவில்லை. ஆனாலும் 24 கெல்வின் வேறுபாடு. ‘வெப்பப் பரிமாற்றமற்ற நிகழ்வு’ என்ற சொல்லைப் பார்த்ததும் அடுக்கு வாய்பாட்டை எடுத்துவிடுகிறவர்கள் இங்கே தவறுகிறார்கள். உங்கள் நோட்டின் வலப் பக்கத்தில் அந்த வாய்பாட்டுக்கு மூன்று நிபந்தனைகள் இருக்க வேண்டும்: வெப்பம் புகாதது, மீள் நிகழ்வு, வெப்ப ஏற்புத்திறன் மாறாத நல்லியல்பு வாயு.

வரைபடத்திலும் இந்த வேறுபாடு தெரிய வேண்டும். மீள் நிகழ்வுக்குத் தொடர்கோடு போடுங்கள். மீளா நிகழ்வுக்குத் தொடக்கப் புள்ளி, இறுதிப் புள்ளி மட்டும். நடுவில் வேண்டுமானால் புள்ளிக்கோடு. தொடர்கோடு போட்டுவிட்டால் அதன் கீழ் உள்ள பரப்பை வேலை என்று கணக்கிடும் ஆசை வந்துவிடும்.

இரண்டாம் விதி: இங்கே அவசரம் கூடாது

மொத்தப் படிப்பு நேரத்தில் மூன்றில் ஒரு பங்கை இரண்டாம் விதிக்கும் என்ட்ரோபிக்கும் ஒதுக்குங்கள். கார்னோவின் 1824 வாதத்தை நூலை மூடிவிட்டு, படம் போட்டு, வேறொருவருக்குச் சொல்லிப் பார்க்க வேண்டும். ஒரு பொறி மீள் பொறியைவிடத் திறன் கூடியது என்று எடுத்துக்கொண்டு, மீள் பொறியைப் பின்னோக்கி ஓட்டி, முரண்பாட்டை வரவழைப்பது. எங்கே ‘மீள்’ என்ற சொல் தேவைப்பட்டது என்பதைச் சுட்டிக்காட்ட முடிந்தால் அடுத்த பத்திக்குப் போகலாம்.

என்ட்ரோபிக் கணக்குகளில் பிழை ஒரே இடத்தில் நுழைகிறது. வெப்பத்தை வெப்பநிலையால் வகுத்துக் கூட்டினால் என்ட்ரோபி மாற்றம் கிடைக்கும் என்பது மீள் பாதைக்கு மட்டுமே பொருந்தும். வெற்றிடத்துக்குள் தானாக விரியும் ஒரு மோல் நல்லியல்பு வாயுவை எடுங்கள். வெப்பம் சுழி. ஆகவே என்ட்ரோபி மாற்றமும் சுழி என்று எழுதினால் தவறு. பருமன் இரட்டித்திருக்கிறது. நிகழ்ந்த பாதையை மறந்துவிட்டு, அதே இரண்டு நிலைகளை இணைக்கும் மீள் பாதை ஒன்றைக் கற்பனை செய்யுங்கள்: வெப்பநிலை மாறாமல் மெதுவாக விரிவது. அதில் கணக்கிட்டால் வாயு மாறிலியை 2-இன் இயல் மடக்கையால் பெருக்கியது, 5.76 ஜூல்/கெல்வின். என்ட்ரோபி நிலையை மட்டும் சார்ந்தது என்பதால் இதுவே விடை.

ஆக, படிகள் இவை: இரு நிலைகளைக் குறித்துக்கொள், அவற்றை இணைக்கும் எளிய மீள் பாதையைக் கட்டு, அமைப்பின் மாற்றத்தை அதில் கணக்கிடு, பிறகு உண்மையில் நடந்த பாதைக்குத் திரும்பி, சுற்றுப்புறம் உண்மையில் பெற்ற வெப்பத்தை (இழந்திருந்தால் எதிர்க்குறியோடு) அதன் வெப்பநிலையால் வகு, கடைசியில் இரண்டையும் கூட்டு. கூட்டுத்தொகை எதிர்க்குறியில் வந்தால் எங்கோ பிழை இருக்கிறது. இந்தப் பாடம் தன் விடையைத் தானே சரிபார்த்துத் தருகிறது. அந்த வசதியைத் தவறவிடாதீர்கள்.

இதைக் கையோடு செய்து பார்க்க ஒரு கணக்கு. 20 பாகை செல்சியசில் 1 கிலோ தண்ணீர். 80 பாகையில் இருக்கும் பெரிய வெப்பத் தேக்கியோடு சேர்க்கிறோம். தன்வெப்பம் 4186 ஜூல்/கிலோ கெல்வின். தண்ணீரின் என்ட்ரோபி ஏற்றம்: 4186-ஐ 353.15/293.15 என்ற விகிதத்தின் இயல் மடக்கையால் பெருக்கினால் 779.5 ஜூல்/கெல்வின். தேக்கி இழந்த வெப்பம் 251160 ஜூல். அதன் வெப்பநிலை 353.15 கெல்வினில் மாறாமல் இருக்கிறது. இழந்த என்ட்ரோபி 711.2. மொத்தம் 68.3 ஜூல்/கெல்வின் கூடியிருக்கிறது.

இப்போது இதே தண்ணீரை முதலில் 50 பாகைத் தேக்கியிலும் பிறகு 80 பாகைத் தேக்கியிலும் வையுங்கள். தண்ணீரின் ஏற்றம் அதே 779.5. தேக்கிகள் இழந்தவை 388.6, 355.6. மொத்த ஏற்றம் 35.3, முன்னதில் ஏறக்குறைய பாதி. ஒவ்வொரு பாகைக்கும் ஒரு தேக்கி என்று 60 படிகளாக்கினால் மொத்த ஏற்றம் 1.2 ஜூல்/கெல்வினுக்கு இறங்கிவிடும். மீள் நிகழ்வு என்றால் என்ன என்று நூல்கள் அரைப் பக்கம் எழுதுவதை இந்த மூன்று எண்கள் சொல்லிவிடுகின்றன: 68.3, 35.3, 1.2. மீள் நிகழ்வு இயற்கையில் கிடைப்பதில்லை, ஆனால் வேண்டிய அளவுக்கு அதை நெருங்கலாம்.

இது கைவந்ததும் கடினமான ஒன்று. −10 பாகை செல்சியசில் உறையாமல் இருக்கும் 1 கிலோ தண்ணீர், அதே வெப்பநிலையில் பனிக்கட்டியாகிறது. உறைதலின் உள்ளுறை வெப்பம் சுழி பாகையில் 334000 ஜூல், பனிக்கட்டியின் தன்வெப்பம் 2100. நேராக வெப்பத்தை 263.15-ஆல் வகுத்தால் மொத்த மாற்றம் சுழி என்று வந்து நிற்கும். அப்படியென்றால் அது தானாக உறைந்திருக்கவே முடியாது. மீள் பாதை: தண்ணீரைச் சுழி பாகைக்கு ஏற்று, அங்கே உறையவை, பனிக்கட்டியை −10 பாகைக்கு இறக்கு. தண்ணீர் தரப்பில் −1145, சுற்றுப்புறத்தில் +1190, மொத்தம் 45 ஜூல்/கெல்வின் ஏற்றம். உங்களுக்கும் இதே விடை வருகிறதா என்று பாருங்கள். சுற்றுப்புறம் பெற்ற வெப்பம் 334000 அல்ல, 313140 ஜூல் என்பது கவனிக்க வேண்டிய இடம்.

கட்டிலா ஆற்றல்கள்: மனப்பாடம் வேண்டாம்

அக ஆற்றல், என்தால்பி, ஹெல்ம்ஹோல்ட்ஸ், கிப்ஸ் என்று நான்கு வந்ததும் பலரும் அட்டவணை போட்டு உருப்போடத் தொடங்குகிறார்கள். நான்கும் ஏன் வேண்டியிருக்கிறது என்பதுதான் முக்கியம். அக ஆற்றலின் இயல்பான மாறிகள் என்ட்ரோபியும் பருமனும். சோதனைச்சாலையில் என்ட்ரோபியைத் திருகிவைக்க எந்தக் கருவியும் இல்லை. வெப்பநிலையையும் அழுத்தத்தையும் நிலையாக வைப்பது எளிது. திறந்த குடுவையில் அவை தாமாகவே நிலையாக இருக்கும். கட்டுப்படுத்த முடியாத மாறியைக் கட்டுப்படுத்த முடிந்த மாறியாக மாற்றிக்கொள்வதற்கே இத்தனை ஆற்றல்கள். எதைக் கையில் பிடித்திருக்கிறோம் என்று பார்த்து அதற்குரியதை எடுங்கள். வெப்பநிலையும் பருமனும் என்றால் ஹெல்ம்ஹோல்ட்ஸ். வெப்பநிலையும் அழுத்தமும் என்றால் கிப்ஸ்.

மாக்ஸ்வெல் தொடர்புகளையும் அவ்வாறே தேவைப்படும்போது வருவியுங்கள், இரண்டு வரிதான். ஆனால் ஒன்றை நிறுத்தி நிதானமாக வாசித்துப் பாருங்கள். வெப்பநிலை மாறாமல் பருமனைக் கூட்டும்போது என்ட்ரோபி ஏறும் வீதமும், பருமன் மாறாமல் வெப்பநிலையைக் கூட்டும்போது அழுத்தம் ஏறும் வீதமும் ஒன்றே என்கிறது அது. இடப்பக்கத்தில் உள்ளதை எந்தக் கருவியும் நேராக அளக்காது. வலப்பக்கத்தில் உள்ளதை ஓர் அழுத்தமானியும் ஒரு வெப்பநிலைமானியும் அளந்துவிடும். இந்தப் பாடத்தின் அழகு முழுவதும் இப்படிப்பட்ட வரிகளில்தான் இருக்கிறது.

இந்த அத்தியாயத்தில் நிபந்தனை மறந்தால் என்ன ஆகும் என்பதற்கு ஓர் எண். மாறா அழுத்த வெப்ப ஏற்புத்திறனுக்கும் மாறாப் பருமன் வெப்ப ஏற்புத்திறனுக்கும் உள்ள வேறுபாடு வாயு மாறிலி என்று பள்ளியில் படித்திருப்போம். அதைத் தண்ணீருக்குப் போட்டால் கிலோவுக்கு 462 ஜூல்/கெல்வின் வரும். பொதுவான வாய்பாடு வேறு: வெப்பநிலை, பருமன், பரும விரிவுக் குணகத்தின் வர்க்கம் மூன்றையும் பெருக்கி, அமுங்குமையால் வகுப்பது. 25 பாகையில் தண்ணீருக்கு அது சுமார் 44 தான். பத்து மடங்குப் பிழை! விரிவுக் குணகம் சுழியாகும் 4 பாகைக்கு அருகில் இரண்டு ஏற்புத்திறன்களும் ஒன்றாகிவிடுகின்றன என்பதும் அதே வாய்பாட்டிலிருந்தே தெரிகிறது.

நிலைமாற்றங்களுக்கு வந்ததும் கிளாபிரான் சமன்பாட்டை எண்ணிட்டுச் சோதியுங்கள். உள்ளுறை வெப்பத்தை, வெப்பநிலையும் பருமன் மாற்றமும் சேர்ந்த பெருக்கத்தால் வகுத்தால் அழுத்த–வெப்பநிலைக் கோட்டின் சரிவு கிடைக்கும். 100 பாகையில் தண்ணீருக்கு 2257000 ஜூல்/கிலோ, 373.15 கெல்வின், 1.673 கன மீட்டர்/கிலோ: சரிவு பாகைக்கு ஏறக்குறைய 3600 பாஸ்கல். அழுத்தம் பத்தில் ஒரு பங்கு குறைந்தால் கொதிநிலை 3 பாகைக்குச் சற்றுக் குறைவாக இறங்கும். பனிக்கட்டிக்குச் செய்தால் சரிவு எதிர்க்குறியில், பாகைக்கு 135 பார் அளவில் வரும். உருகும்போது தண்ணீர் சுருங்குவதால் அந்தக் குறி. இரண்டு விடைகளும் அட்டவணையோடு ஒத்துப்போவதைப் பார்த்துவிட்டால், வெறும் இரண்டு விதிகளிலிருந்து இவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்பது உறைக்கும்.

நெர்ன்ஸ்ட் 1906-இல் முன்வைத்த மூன்றாம் விதியை முதல் வாசிப்பில் மேலோட்டமாகப் படித்தால் போதும். நீர்த்த கரைசல்கள், வாயு வேதிவினைகள் ஆகியவை வேதியியல் பக்கம் போகிறவர்களுக்கு அவசியம். மற்றவர்கள் பிறகு திரும்பி வரலாம்.

கால அளவும் சில எச்சரிக்கைகளும்

வாரத்துக்கு எட்டு மணி நேரம் ஒதுக்கினால் ஃபெர்மி அளவுள்ள நூலுக்கு பன்னிரண்டு வாரம் பிடிக்கும். கணக்குக்கு ஒரு வாரம், முதல் விதிவரை மூன்று, இரண்டாம் விதிக்கும் என்ட்ரோபிக்கும் நான்கு, கட்டிலா ஆற்றல்களுக்கும் நிலைமாற்றங்களுக்கும் நான்கு. வாரத்தில் பாதி நேரம் வாசிப்பு, பாதி நேரம் கணக்கு. வாசிப்பு மட்டும் முன்னால் ஓடினால் நிறுத்திவிட்டுக் கணக்குக்குத் திரும்புங்கள்.

விடைக் குறிப்பை எப்போது பார்ப்பது? நான்கு கேள்விகளுக்கும் விடை எழுதி, ஒரு முயற்சி முழுதாகத் தோற்ற பிறகு. பார்த்துவிட்டால், மறுநாள் அதே கணக்கை வெறுந்தாளில் மறுபடி போடுங்கள். குறிப்பைப் பார்த்து ‘ஆமாம், சரிதான்’ என்று தலையாட்டுவது படிப்பு ஆகாது.

‘அமைப்பிடம் இவ்வளவு வெப்பம் இருக்கிறது’ என்று நீங்களே எழுதிவிட்டதைக் கண்டால் உடனே அடியுங்கள். வெப்பம் எல்லையைக் கடக்கும்போது மட்டுமே வெப்பம். உள்ளே இருப்பது அக ஆற்றல். அதுபோலவே ‘என்ட்ரோபி எப்போதும் கூடும்’ என்பதும் அரை வாக்கியம். உறையும் தண்ணீரின் என்ட்ரோபி குறைகிறது என்று மேலே கணக்கிட்டோம். தனிமைப்படுத்தப்பட்ட அமைப்புக்கு, அல்லது அமைப்பும் சுற்றுப்புறமும் சேர்ந்த மொத்தத்துக்கு என்று சேர்த்தால்தான் முழு வாக்கியம்.

ஆராய்ச்சிக்காகத் திரும்பி வருகிறவர்களுக்கு வரிசை கொஞ்சம் மாறும். நோட்டை மறுபடி தொடங்குங்கள், ஆனால் அடிகோள் வகை நூலை முதன்மையாக எடுங்கள். உங்கள் அமைப்பில் அழுத்தமும் பருமனும் மட்டும் இல்லாமல் காந்தப்புலமோ, பரப்பு இழுவிசையோ, மின்னழுத்தமோ இருக்கும். வேலை உறுப்பில் அவற்றைச் சேர்த்து, கிப்ஸ் ஆற்றலை நீங்களே புதிதாக வரையறுத்து, அதிலிருந்து ஒரு மாக்ஸ்வெல் தொடர்பை வருவித்துப் பாருங்கள். வெப்பநிலையும் அழுத்தமும் மாறாதபோது கிப்ஸ் ஆற்றல் குறையும் என்ற வாக்கியத்துக்கு ‘பரும வேலை தவிர வேறு வேலை இல்லாதபோது’ என்ற இன்னொரு நிபந்தனையும் உண்டு. மின்கலத்தில் அது பொருந்தாது. அங்கே மீள் நிகழ்வாகக் கிடைக்கக்கூடிய மின்வேலையின் உச்ச அளவே கிப்ஸ் ஆற்றலின் குறைவு. நோட்டின் வலப் பக்கத்தில் இதற்கு இடம் விட்டு வையுங்கள்.